குடியுரிமை வாங்காத தேசியப் பாடகர்

ஸ்வீடன் நாட்டில் பாட்டுக்காரர்கள் என்று பேச்சு வந்தால் மூன்று பெயர்கள் கட்டாயம் வரும். 18-ம் நூற்றாண்டில் வாழ்ந்த பெல்மன், 20-ம் நூற்றாண்டின் எவர்ட் தௌபே, அதற்கடுத்து கொர்னேலிஸ் வ்ரேஸ்வைக். முதல் இருவரும் ஸ்வீடனில் பிறந்தவர்கள். மூன்றாமவரோ கடைசி வரை அந்நாட்டுக் குடிமகனாகவே ஆகாதவர்!

கொர்னேலிஸ் 1937-ல் நெதர்லாந்தின் கடலோர ஊரான ஐமௌடனில் பிறந்தார். 1949-ல், பன்னிரண்டு வயதில், பெற்றோருடன் ஸ்வீடனுக்குக் குடிபெயர்ந்தார். ஸ்வீடிஷ் அவருக்குத் தாய்மொழி அல்ல. அங்கு வந்த பிறகு கற்றுக்கொண்டது. கிடார் வாசிக்கத் தானாகவே பழகினார். சமூகப் பணியாளராகவோ பத்திரிகையாளராகவோ ஆக வேண்டும் என்பதுதான் அவர் எண்ணம். ஆனால் மாணவர் கூட்டங்களில் பாடப் பாட, பாட்டே தொழிலாகிவிட்டது.

1964-ல் முதல் இசைத்தட்டு வெளிவந்தது. 'பாலட்களும் துடுக்குத்தனங்களும்' என்பது அதன் பெயர். பெயரே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது. குடிகாரர்கள், ஏழைகள், ஊரார் ஒதுக்கியவர்கள் எல்லாம் அவர் பாட்டில் பெயரோடும் முகத்தோடும் வந்தார்கள். சில பாடல்களை வானொலியில் ஒலிபரப்பத் தடை விதித்தார்கள். மக்கள் இசைத்தட்டு வாங்கிக் கேட்டார்கள்.

அவருக்குச் சிரிக்க வைக்கவும் தெரியும். கோடை முகாமிலிருந்து ஒரு சிறுவன் பெற்றோருக்கு எழுதும் கடிதம் போல 1965-ல் ஒரு பாட்டு. முகாமில் நடக்கும் அட்டகாசங்களைச் சர்வசாதாரணமாகச் சொல்லிவிட்டு, தாயம் உருட்டித் தோற்றுவிட்டேன், பணம் அனுப்புங்கள் என்கிறான் பையன். ஆலன் ஷெர்மன் என்ற அமெரிக்கரின் நகைச்சுவைப் பாட்டைத் தழுவியது அது. ஆனாலும் ஸ்வீடனில் அது உள்ளூர்ச் சரக்காகவே ஆகிவிட்டது.

திரைப்படமும் அவரை அழைத்தது. 1968-ல் வெளிவந்த 'ஸ்வார்த்தா பால்ம்க்ரோனூர்' படத்தில் மாக்ஸ் வான் சிடோ, பிபி ஆண்டர்சன் ஆகிய பெரிய நடிகர்களோடு நடித்தார். பிரேசிலை களமாகக் கொண்ட படம். அந்தப் பயணத்தால் அவருக்குக் கிடைத்த பெரிய லாபம் நடிப்பை விட சம்பா இசைதான் எனலாம். பிரேசில் தாளம் பிறகு அவர் பாடல்களில் இயல்பாக வந்து அமர்ந்தது. 1974-ல் 'ரென்ஸ்டென்சுங்கர்' என்ற படத்திலும் நடித்தார்.

1971-ல் பெல்மனின் பாடல்களைத் தனக்கே உரிய கரகரத்த குரலில் பாடி வெளியிட்டார். 1972-ல் தாய்மொழியான டச்சில் பாடிய பாட்டு நெதர்லாந்தில் வெற்றி பெற்றது. ராணுவப் புரட்சியின்போது கொல்லப்பட்ட சிலி நாட்டுப் பாடகர் விக்டர் ஹாராவின் பாடல்களை 1978-ல் ஸ்வீடிஷில் பாடினார். எங்கே நல்ல பாட்டு இருந்தாலும் அதை ஸ்வீடிஷுக்குள் கொண்டுவந்து சேர்ப்பது அவர் வேலையாக இருந்தது. வெளியிலிருந்து வந்தவருக்குத்தான் இந்தத் துணிச்சல் வருமோ என்னவோ!

வாழ்க்கை மட்டும் பாட்டைப் போல் சீராக இல்லை. குடியும் கடனும் அவரை விடவில்லை. 1987 நவம்பரில் கல்லீரல் புற்றுநோயால் ஸ்டாக்ஹோமில் இறந்தார். வயது ஐம்பதுதான். அந்நகரின் கத்தரினா தேவாலயக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்.

2010-ல் அவர் வாழ்க்கை 'கொர்னேலிஸ்' என்ற பெயரில் திரைப்படமானது. அதில் கொர்னேலிஸாக நடித்தவரும் ஸ்வீடன்காரர் அல்ல. நார்வே நாட்டு ராக் பாடகர் ஹான்க் வான் ஹெல்வெட்டே. கொர்னேலிஸ் இருந்திருந்தால் இதை வைத்தே ஒரு பாட்டு கட்டியிருப்பார்.