எரிமலைப் புகையும் நம்ம ஊர்ப் பிள்ளைகளும்

என் பேரன் எழுதுகிற மாயலோகக் கதையில், எரிமலை வாயுவைப் பிடித்துத் தெருவிளக்கு எரிக்கிறார்கள். நிஜத்திலேயே அதைப் பிடித்து வேலை வாங்குகிறார்கள் என்றேன், பயல் நம்பவில்லை.

இந்தோனேசியாவில், ஜாவா தீவில் காவா இஜென் என்றொரு எரிமலை. பாறை இடுக்கில் சீறி வரும் வாயுவைக் குழாயில் விடுகிறார்கள். அது குளிர்ந்து, சிவப்பாக வடிந்து, மஞ்சள் கந்தகமாக உறைகிறது. அதை 70 கிலோ வரை, அதற்கு மேலும், தோளில் சுமந்து ஏறுகிறார்கள். பலருக்கு முகத்தில் ஈரத்துணிதான் காப்பு! சீனி வெளுக்கவும் அந்தக் கந்தகம் போகிறது. நம் நாட்டு ஆலைகள் பலவற்றிலும் கரும்புச்சாற்றில் கந்தகப் புகை விட்டுத்தான் சீனியை வெளுக்க வைக்கிறார்கள்.

அந்த எரிமலைப் புகையில் ஹைட்ரஜன் சல்பைடும் உண்டு. அழுகிய முட்டை நாற்றம். வளைகுடா எண்ணெய்க் கிணற்றிலும், நம்ம வீட்டுக் கக்கூஸ் தொட்டியிலும் இதே வாயுதான். ஆளைக் கொல்லும் அளவுக்குக் கூடினால் மூக்கு மரத்துப்போகும், நாற்றமே தெரியாது. வாடை போயிட்டு என்று நம்பி நின்றவர்கள் திரும்பவில்லை. காப்பாற்ற இறங்கியவர்களும் அப்படியே போயிருக்கிறார்கள்.

எண்ணெய்க் கம்பெனிகளில் இருக்கும் என் பிள்ளைகளே, சட்டையில் மாட்டுகிற அந்த வாயுமானியைத் தொந்தரவு என்று கழற்றி வைக்காதீங்க. ஊரில் இருப்பவர்கள் தொட்டிக்குள் ஆளை இறக்காதீங்க. பாதுகாப்பில்லாமல் இறக்குவது 2013 சட்டப்படி குற்றம். உறிஞ்சும் லாரி வரும். அஞ்சுகிராமத்துப் பக்கம் லாரிக்காரர் நம்பர் வேணும்னா எனக்குப் போன் பண்ணுங்க.