நதியோடு போன சித்திரங்கள்

பாரிஸ் மோன்மார்த்ர் சாலையில் 10ஆம் எண் கட்டடத்துக்குள் சுற்றுலாப் பயணிகள் நுழைவது மெழுகுச் சிலைகளைப் பார்க்க. மன்னர்கள், நடிகர்கள், விளையாட்டு வீரர்கள் என்று எல்லோரும் அசையாமல் நிற்கும் இந்த க்ரெவான் காட்சிச்சாலையில்தான், 1892 அக்டோபர் 28 அன்று, கையால் வரைந்த சித்திரங்கள் திரையில் அசைந்து பொதுமக்களுக்குக் கதை சொல்லத் தொடங்கின.

அசைத்தவர் எமில் ரேனோ. 1877இல் கண்ணாடிகள் பதித்த சுழலும் பொம்மை ஒன்றை உருவாக்கியவர். அதையே பெரிதாக்கித் திரைக்குக் கொண்டுவந்தார். 'பாவம் பியரோ'வுக்காக ஜெலட்டின் துண்டுகளில் அவர் தீட்டிய படங்கள் 500. அவற்றை நீண்ட பட்டையாகக் கோத்து, தானே கையால் சுற்றுவார். முன்னும் பின்னும் சுழற்றி, சில நிமிடங்களில் முடிய வேண்டியதைக் கால்மணி நேரக் கதையாக்கிவிடுவார். பியரோ அடிவாங்கும்போது சத்தமும் கேட்கும். பட்டையிலிருந்த உலோகத் துண்டு ஒரு மின்காந்தத்தை இயக்கும். பியானோ இசையும் உண்டு. 1900 வரை சுமார் 5 லட்சம் பேர் பார்த்தார்கள்.

போட்டி அடுத்த தெருவிலேயே முளைத்தது. இங்கிருந்து நடந்தே போய்விடக்கூடிய கபுசீன் சாலையில், கிராண்ட் கஃபேயின் அடித்தளத்தில், 1895 டிசம்பர் 28 அன்று லூமியேர் சகோதரர்கள் சினிமா காட்டினார்கள். காமிரா ஒரு நிமிடத்தில் எடுத்துவிடுவதை ரேனோ மாதக்கணக்கில் வரைய வேண்டும். சினிமாவுக்கு எத்தனை பிரதி வேண்டுமானாலும் போடலாம். 1896 ஜூலை 7இல் லூமியேர் படங்கள் பம்பாய் வாட்சன் ஹோட்டலுக்கே வந்துவிட்டன. ரேனோவிடம் இருந்ததோ கையால் தீட்டிய சுருள்கள். ஓட ஓடத் தேய்ந்தன. அவரேதான் பழுது பார்க்க வேண்டும்.

1900இல் காட்சிகள் நின்றன. வறுமையும் விரக்தியும் சூழ, ரேனோ தன் கருவியைத் தானே உடைத்தார். பெரும்பாலான சுருள்களை சேன் நதியில் வீசினார். 1918 ஜனவரியில், பாரிஸை அடுத்த இவ்ரியில் ஓர் ஆதரவு இல்லத்தில் இறந்தார்.

மிஞ்சியவை இரண்டு: 'பாவம் பியரோ', 1894இல் வரைந்த 'குடிலைச் சுற்றி'. 2002 முதல் அக்டோபர் 28 சர்வதேச அனிமேஷன் தினம். 2015இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டிலும் ரேனோவின் காட்சிகள் இடம்பெற்றன. ஆனால் அந்த முதல் நாள் காட்டிய மூன்றில் ஒன்றான, 700 படங்கள் கொண்ட 'நல்ல பீர் ஒரு கோப்பை'யை இனி யாரும் பார்க்க முடியாது.