பாணை அவிச்சால் பேகல். பாத்திரம் கழுவுறது ஆர்?

பாண் எங்கட வீடுகளில் செய்யிற சாமான் இல்லை, வாங்குகிற சாமான். புட்டும் இடியப்பமும் தோசையும் குசினிக்குச் சொந்தம். பாண் மட்டும் பேக்கரிக்குச் சொந்தம். பின்னேரங்களில் பாட்டுப் போட்டுக்கொண்டு வருகிற பாண் ஓட்டோவை மறித்து ஒரு றாத்தல் வாங்கினால் இரவுச் சாப்பாட்டில் பாதி முடிந்தது. மா குழைத்து, உரலில் பிழிந்து, ஆவியில் அவித்து, சொதியும் வைத்து எடுக்கிற ஒன்றரை மணித்தியாலம் அன்றைக்கு அம்மாவுக்கு மிச்சம். பாணைப் பற்றி ஆரோக்கியக் கட்டுரைகள் என்ன சொன்னாலும், எங்கட அம்மாமாருக்கு அது கிடைத்த மிகச் சில லீவுகளில் ஒன்று.

அதனால்தான் 'வீட்டிலேயே பாண் செய்வது எப்படி' என்ற காணொளிகளைக் காணும்போது எங்களுக்குக் கொஞ்சம் சந்தேகம் வரும். 2020 ஊரடங்கு நேரம் கன பேர் வீட்டில பாண் செய்து படம் போட்டார்கள். படத்தில் பாண் இருந்தது. மா சிந்தின நிலமும், மா காய்ந்து ஒட்டின சருவமும் இருக்கவில்லை. அவற்றை ஆர் துடைத்தார், ஆர் கழுவினார் என்று ஒருவரும் எழுதவுமில்லை.

இந்தச் சந்தேகத்தோடுதான் நாங்கள் நாலு பேர், இரண்டு பெண்கள், இரண்டு ஆண்கள், பேகல் செய்யத் தொடங்கினோம்.

ஏன் பேகல்? ஸ்காபரோவில் இருக்கிற மச்சாள் ரிம் ஹோர்ட்டன்ஸில் காலைச் சாப்பாடாகச் சாப்பிடுகிற சாமான் அது. வீடியோ கோலில் பல தடவை கண்டிருக்கிறோம். நடுவில் ஓட்டை, மேலே எள்ளு, பார்த்தால் பெரிய உழுந்துவடை. "இது பணிஸ் மாதிரி இல்லை, கடிச்சு இழுக்கோணும்" என்று அவள் சொன்னதுதான் எங்களைப் பிடித்தது. ஏன் இழுக்க வேண்டும் என்று தேடப் போய், அது அவித்த பாண் என்று அறிந்தோம். முதலில் கொதிதண்ணீர், பிறகுதான் அவண்.

பேகல் போலந்து யூதர்களின் பாண். 1610 ஆம் ஆண்டு கிராக்கோவ் நகர யூத சமூகம் எழுதிவைத்த ஒழுங்குவிதிகளில், பிள்ளை பிறந்த வீட்டுக் கொண்டாட்டங்களோடு சேர்த்து அதன் பெயர் வருகிறது. 1683 இல் வியன்னாவைக் காத்த போலந்து மன்னர் சோபியெஸ்கியைக் கௌரவிக்க, அவருடைய குதிரையின் அங்கவடி வடிவத்தில் ஒரு பேக்கரிக்காரர் இதைச் செய்தார் என்று ஒரு கதை உலாவுகிறது. 1610 இலேயே பெயர் பதிவாகியிருக்கும்போது அந்தக் கதை நிற்காது. இத்திஷ் மொழியில் 'பேய்கல்' என்ற சொல், வளையத்தைக் குறிக்கிற பழைய சொல்லிலிருந்து வந்தது. அதே கிராக்கோவில் 'ஒப்வஜானெக்' என்ற அவித்த வளையப் பாண் இன்றைக்கும் தெருவில் விற்கிறார்கள். 2010 இல் ஐரோப்பிய ஒன்றியம் அதற்குப் புவியியல் குறியீட்டுப் பாதுகாப்புக் கொடுத்தது.

செய்ய வெளிக்கிட முதல் ஒரு விதி போட்டோம். குசினி எங்களில் ஒருத்தியின் வீட்டுக் குசினி. ஆனால் இரண்டு நாளும் அவளுடைய அம்மா ஒரு கரண்டிகூடத் தொடக்கூடாது. மா தட்டுறதிலிருந்து நிலம் துடைக்கிறது வரை நாங்கள்தான். சொன்னவுடன் அம்மா சிரித்தா. "பாப்பம்."

சாமான்கள் எல்லாம் பக்கத்துக் கடையில் கிடைத்தன. கோதுமை மா அரைக் கிலோ. தண்ணீர் 280 மில்லிலீற்றர். உப்பு 10 கிராம். சீனி ஒரு மேசைக்கரண்டி. உடனடி ஈஸ்ற் 4 கிராம். வெளிநாட்டுக் குறிப்புகளில் பார்லி மோல்ற் பாணி கேட்பார்கள். அது தருவது லேசான இனிப்பும் மண்நிறமும். அதற்குப் பதிலாகத் தண்ணீரில் பனங்கட்டி போட்டோம். மொன்றியல் நகரத்தில் பேகலைத் தேன் கலந்த தண்ணீரில் அவிக்கிறார்கள், எனவே பனங்கட்டி ஒன்றும் பெரிய மீறல் இல்லை.

மா விஷயத்தில் ஒன்று சொல்ல வேண்டும். அரிசி மாவோடு, புட்டுக்கும் இடியப்பத்துக்கும் நாங்கள் கோதுமை மாவையும் அவித்துத்தான் பாவிக்கிறோம். ஆவியில் வைத்தால் மாவில் இருக்கிற புரதம் இறுகிவிடும். பிறகு தண்ணீர் பட்டாலும் பசைபோல இழுபடாது, புட்டு உதிரி உதிரியாக வரும். பேகலுக்கு நேர் எதிர். அந்தப் புரதம் உயிரோடு வேண்டும், இழுபட வேண்டும். எனவே அவிக்காத பச்சை மா. திருகோணமலை சீனன்குடா ஆலையில் அரைக்கிற அதே மாதான். கோதுமை இந்த நாட்டில் விளைவதில்லை. தானியம் முழுக்கக் கப்பலில் வருகிறது. கிராக்கோவின் பாண் எங்களுக்கு அந்நியம் என்றால் எங்கட றாத்தல் பாணும் அந்நியம்தான்.

குழைக்கிறதுதான் உண்மையான வேலை. றொட்டி மாவை விட இது இறுக்கம். முதல் ஐந்து நிமிடம் மா கையை எதிர்க்கிறது. பத்தாவது நிமிடம் தோள்மூட்டு நோகும். பன்னிரண்டாவது நிமிடமளவில் மா வழுவழுப்பாகி, விரலால் அமத்தினால் மெல்ல மேலே வருகிறது. ஆளுக்கு மூன்று நிமிடம் என்று முறை வைத்தோம். அம்மா வாசலில் நின்று பார்த்தா. பொடியனின் முறை வந்ததும் வாய் திறந்தா.

"தம்பி, உங்களுக்கு ஏன் இந்த வேலை? தாங்கோ, நான் ரெண்டு நிமிசத்தில குழைச்சிடுவன்."

"இல்லை அன்ரி, விதி விதிதான்."

ஒரு விசயம் எங்களுக்கு அப்போதுதான் உறைத்தது. எங்கட ஊர்ப் பேக்கரிகளில் மூட்டை மூட்டையாக மா குழைக்கிறவர்கள் ஆண்கள். அது தொழில், அதற்குக் கூலி. அதே மா வீட்டுக் குசினிக்குள் வந்தவுடன் ஆண் கை அதைத் தொடக்கூடாத சாமானாகிறது, பெண் கை தொட்டால் அது கடமையாகிறது. மாவின் இறுக்கம் இரண்டு இடத்திலும் ஒன்றுதான்.

பேகலின் வரலாற்றிலும் இதுவே கிடக்கிறது. நியூயோர்க்கில் குடியேறிய யூதத் தொழிலாளர்கள் நிலவறைப் பேக்கரிகளில், வெக்கைக்குள், இரவிரவாகப் பேகல் செய்தார்கள். ஒரு குழுவில் உருட்டுகிறவர்கள், கொதிதண்ணீர்க்காரர், அவண்காரர் என்று வேலை பிரிந்திருந்தது. 'உள்ளூர் 338' என்ற அவர்களுடைய தொழிற்சங்கத்தில் ஏறத்தாழ 300 பேர்தான். உறுப்புரிமை தகப்பனிடமிருந்து மகனுக்குப் போனது. வெளியாட்கள் நுழைவது கடினம். கை வேலை என்பதால் அவர்களுக்குப் பலமும் இருந்தது. 1951 டிசம்பரில் நடந்த தொழில் தகராறில் நகரத்தின் 34 பேகல் பேக்கரிகளில் 32 மூடப்பட்டன. பத்திரிகைகள் அதைப் பேகல் பஞ்சம் என்றே எழுதின. பிறகு டானியல் தொம்சன் என்பவர் பேகல் உருட்டுகிற இயந்திரத்தைக் கண்டுபிடித்தார். 1963 இல் கனெக்ரிகட் மாநிலத்தின் லெண்டர் நிறுவனம் அதை வாடகைக்கு எடுத்தது. உறைந்த பேகல் அமெரிக்கா முழுக்கப் போனது, சங்கத்தின் பலம் கரைந்தது. அந்த மனிதர்கள் தங்கள் வேலையை மணிக்கணக்கிலும் கூலியிலும் அளக்க வைத்தார்கள், அளந்ததால் பேரம் பேச முடிந்தது. வீட்டுக் குசினி வேலையை ஆரும் அளப்பதில்லை.

எனவே நாங்கள் அளந்தோம். ஒரு கொப்பித் தாளில் நேரம் எழுதி வைத்தோம்.

குழைத்த மாவை ஒரு மணித்தியாலம் ஈரத்துணியால் மூடி வைத்தோம். எங்கட வெக்கைக்கு அது காணும். பிறகு எட்டுத் துண்டாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் கயிறு மாதிரி உருட்டி, உள்ளங்கையைச் சுற்றிக் கட்டி, இரண்டு முனையும் சேர்கிற இடத்தை மேசையில் உருட்டி ஒட்டினோம். தட்டில் எண்ணெய் பூசி அடுக்கி, மூடி, இரவு முழுக்கக் குளிர்சாதனப் பெட்டிக்குள் வைத்தோம். குளிரில் ஈஸ்ற் மெதுவாக வேலை செய்யும். மா உப்பி வெடிக்காமல் சுவை மட்டும் ஏறும். காலையில் ஒன்றை எடுத்துப் பச்சைத் தண்ணீரில் போட்டுப் பார்த்தோம். மிதந்தது. மிதந்தால் ஆயத்தம். தாண்டால் இன்னும் கொஞ்ச நேரம் வெளியில் வைக்க வேண்டும்.

இரண்டு லீற்றர் தண்ணீரைக் கொதிக்க வைத்து ஒரு துண்டு பனங்கட்டியும் ஒரு தேக்கரண்டி அப்பச்சோடாவும் போட்டோம். சோடா தண்ணீரைக் காரமாக்கும், அதனால் தோல் நன்றாகச் சிவக்கும். ஒரு பக்கம் 45 செக்கன், திருப்பி இன்னொரு 45 செக்கன். அம்மாவால் பொறுக்க முடியவில்லை.

"என்ன பிள்ளையள், பாணைக் கொண்டுபோய்த் தண்ணிக்க போடுறியள்?"

அவவுக்குக் காட்டுவதற்காகவே எட்டில் இரண்டை அவிக்காமல் விட்டிருந்தோம். ஆறு அவித்தது, இரண்டு அவிக்காதது. எல்லாவற்றுக்கும் எள்ளுத் தூவி, 220 பாகையில் 20 நிமிடம். கேக் சுடுகிற அதே மின்சார அவண்தான். அவிக்காத இரண்டும் நன்றாக ஊதி, ஓட்டை கிட்டத்தட்ட மூடி, எங்கட பணிஸ் மாதிரி மெத்தென்று வந்தன. அவித்த ஆறும் இறுக்கமாக, மினுங்கலாக, ஓட்டை குலையாமல் இருந்தன. கொதிதண்ணீரில் வெளிப்பக்க மாப்பொருள் கூழாகித் தோல்போலப் பிடித்துவிடுகிறது. அந்தத் தோல் அவணுக்குள் பாணை ஊத விடாது. அதனால்தான் உள்ளே நெருக்கம், அதனால்தான் கடித்து இழுக்க வேண்டும்.

கிறீம் சீஸ் விலைக்கு நாங்கள் கிட்டப் போகவில்லை. தயிரைத் துணியில் கட்டி இரவு தூக்கிவிட்டு, காலையில் உப்பும் வெங்காயத்தாளும் சேர்த்தோம். பாதிக்கு அது, மீதிக்குக் கட்டைச் சம்பல். சம்பலோடு சாப்பிட்டதுதான் முதலில் முடிந்தது. அம்மா அவித்த ஒன்றை எடுத்து, பிய்த்து, கன நேரம் சப்பினா. "பல்லிருக்கேக்க சாப்பிடோணும்," என்றா. பிறகு இன்னொரு பாதி எடுத்தா.

படத்தைக் குடும்பக் குறூப்பில் போட்டோம். இரண்டு வகைப் பதில் வந்தது. "பெட்டையள் கெட்டிக்காரியள், இனிக் கலியாணம் செய்து குடுக்கலாம்" என்று ஒரு மாமி. "பொடியளும் மா குழைச்சவங்களோ! அட!" என்று ஒரு சித்தப்பா. ஒரே பன்னிரண்டு நிமிடத்தை நாலாகப் பிரித்துத்தான் குழைத்தோம். பெண்களின் மூன்று நிமிடம் கலியாணத் தகுதியாகவும், ஆண்களின் மூன்று நிமிடம் அதிசயமாகவும் போய்ச் சேர்ந்தது. பொடியன் ஒருவன் "எங்களையும் கலியாணம் செய்து குடுங்கோவன்" என்று எழுதினான். சித்தப்பா சிரிப்புப் படம் போட்டார். மாமி ஒன்றும் போடவில்லை.

கடைசியாகக் கொப்பித் தாள். மா அளந்து குழைக்க 20 நிமிடம். உருட்டிக் கட்ட 25. அவித்து, எள்ளுத் தூவி, அவணுக்கு ஏற்ற 30. சருவம், தட்டு, கரண்டி கழுவி, மேசையிலும் நிலத்திலும் ஒட்டின மாவைச் சுரண்டித் துடைக்க 45. கை வேலை மொத்தம் இரண்டு மணித்தியாலம். அதில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் துப்புரவு. நாங்கள் பார்த்த ஒரு செய்முறையிலும் அந்த 45 நிமிடம் எழுதப்பட்டிருக்கவில்லை. 'தயாரிக்கும் நேரம்' என்று போடுகிறவர்கள் பேகல் அவணால் வெளியே வந்தவுடன் கணக்கை மூடிவிடுகிறார்கள். மிச்சம் ஆருடைய கணக்கில் போகிறது என்று உங்களுக்கும் தெரியும்.

அடுத்த நாள் அந்த வீட்டு அப்பா, நல்ல மனதோடுதான், "இதைக் கிழமைக்கு ஒருக்கா இரவுக்குச் செய்யலாம் போல" என்றார். அம்மா எங்களைப் பார்த்தா. நாங்கள் கொப்பித் தாளை அப்பாவிடம் நீட்டினோம். அவர் கண்ணாடியைப் போட்டு மேலிருந்து கீழ் வாசித்தார். 45 இல் விரலை வைத்து, "இது என்ன, இவ்வளவு நேரம்?" என்று கேட்டார்.

வீட்டில் பாண் செய்யாதையுங்கோ என்று நாங்கள் சொல்லவில்லை. மா கையில் உயிர் பிடிக்கிறதை உணர்கிறது நல்ல அனுபவம். நாலு பேர் சேர்ந்து செய்தால் இன்னும் நல்லது. மேலே இருக்கிற அளவுகள் எல்லாம் சரி, அப்படியே செய்யலாம். ஒன்றை மட்டும் மாவை அளக்க முதல் பேசி முடியுங்கோ: ஆர் கழுவுறது? அதற்குப் பெயர் எழுதின பிறகு ஈஸ்றைத் திறவுங்கோ. அந்தத் தாள் இப்பவும் அந்தக் குளிர்சாதனப் பெட்டிக் கதவில் காந்தத்தோடு ஒட்டியிருக்கிறது. அடுத்த முறை கழுவுகிற இடத்தில் அப்பாவின் பெயர் இருக்கிறது, அவரே எழுதினது.