உப்பிட்டவர்கள்

'கார்ன்ட் பீஃப்' என்ற பெயரிலுள்ள 'கார்ன்' சோளமன்று. தானியமணிப் பருமனுள்ள உப்புப்பரல். 18ஆம் நூற்றாண்டில் அயர்லாந்தின் கார்க் துறைமுகத்திலிருந்து உப்பிட்ட மாட்டிறைச்சி பீப்பாய் பீப்பாயாகக் கரீபியத் தோட்டங்கள்வரை கப்பலேறியது. உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பது நம் வழக்கு. அங்கே உப்பிட்ட கைகளுக்கு அந்த இறைச்சி பெரும்பாலும் எட்டவில்லை. ஏழைகளுக்கு உருளைக்கிழங்குதான். 1845இல் அதுவும் அழுகத் தொடங்கியது. பஞ்சத்துக்குத் தப்பி நியூயார்க் சேர்ந்தவர்கள், யூதர்களின் கசாப்புக் கடைகளில் மாட்டின் நெஞ்சுக்கறியை வாங்கி முட்டைக்கோஸோடு வேகவைத்தார்கள்.

மார்ச் 17, புனித பேட்ரிக் நாளன்று நானும் சமைப்பதுண்டு. சிறுதீயில் 3 மணிநேரம், பொறுமையற்றவர்களுக்கான சமையலன்று. முட்டைக்கோஸைக் கடைசி 20 நிமிடத்தில்தான் இடவேண்டும், முந்தினால் வீடெங்கும் கந்தக வாடை. மிஞ்சிய கறியை மறுநாள் உருளைக்கிழங்கோடு வதக்குவேன்; எனக்கென்னவோ அதுதான் பிடித்திருக்கிறது.