எங்கள் கூரைமேல் மரநாய்

நாற்றம் என்றதும் அமெரிக்காவின் ஸ்கங்க் பிராணிதான் நினைவுக்கு வரும். காலால் தரையைத் தட்டி, வாலை உயர்த்தி எச்சரித்த பிறகே அது 3 மீட்டர் தூரம்வரை பீய்ச்சும். எங்கள் விடுதிக் கூரையில் குடியிருந்த மரநாய்க்கும் வாலடியில் வாசனைச் சுரப்பிகள் உண்டு. ஆனால் அதன் மணம் பிரியாணிக்குப் போடும் ரம்பை இலையைப் போன்றது. (மூக்கைப் பிடித்துக்கொண்டு ஓடிய எட்டாம் வகுப்புத் தங்கைகள் இதை ஒப்புக்கொள்ள மாட்டார்கள்!)

பெயரில் நாய் இருந்தாலும் அது புனுகுப்பூனைக்கு உறவு. பகலெல்லாம் உறங்கி, இரவில் எலி, பழம் என்று கிடைத்ததைத் தின்னும். அதன் எச்சத்தில் விழுந்த விதைகள் முளைத்து, குளியலறைப் பக்கம் இரண்டு பப்பாளிக் கன்றுகள் நிற்கின்றன.

சென்ற ஜூலையில் ஓட்டுக்கடியில் குட்டிகளின் கீச்சுக்குரல் கேட்டது. மாதத் தேர்வு நெருங்குகிறது, தூக்கம் போகிறது, இடுக்கை அடைத்துவிடலாம் என்றனர் எங்களில் பலர். தாய் இரை தேடப் போன நேரத்தில் அடைத்தால் குட்டிகள் பட்டினியால் மடியும் என்றார்கள் விடுதிச் சிஸ்டர். பொறி வைப்பதோ, 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். ஆகவே காதில் பஞ்சை வைத்துக்கொண்டு படித்தோம்.

அக்டோபரில் ஒரு மாலை, தாயும் மூன்று குட்டிகளும் மதில்மேல் வரிசையாகச் சென்றன. அதன்பின்தான் கூரையைத் தொட்ட கிளை வெட்டப்பட்டது, இடுக்கும் அடைபட்டது. இப்போது அவை தோட்டத்துப் பலாமரத்தில். சப்போட்டாவில் பாதி அவற்றுக்குத்தான்.