மெட்டு

போடியிலிருந்து மெட்டுக்கு 17 கொண்டை ஊசி வளைவுகள். பாதியில் காது அடைத்துக்கொள்ளும். பக்கத்தில் இருப்பவர் குரல் தொலைவிலிருந்து வரும். மூடுபனியில் நடுப்பகலிலேயே ஜீப்புகள் விளக்கெரிய ஊரும். எல்லை என்பது சோதனைச்சாவடி அல்ல, இந்த மயக்கம்தான் என்று தோன்றும்.

1915இல் ஐன்ஸ்டைன் வகுத்த கோட்பாட்டின்படி உயரத்தில் காலம் விரைகிறது. போடிக்கு மேல் சுமார் 1000 மீட்டரில், நாளொன்றுக்கு ஏறக்குறைய நொடியின் பத்துக் கோடியில் ஒரு பங்கு அதிகம்.

அம்மா முப்பது வருஷம் ஏலத்தோட்டத்துக்கு இருட்டில் ஜீப் ஏறி இருட்டில் இறங்கினாள். முழுநாளும் மேலேயே இருந்ததாகக் கூட்டிப் பார்த்தேன். ஓர் இமைப்பொழுதுகூட இல்லை. அவள் தளர்ந்ததற்கு இந்தக் கணக்குப் போதவில்லை. கூலி நோட்டில் அவள் போய்வந்த நேரம் ஏறவே இல்லை. தினமும் ஒரு நாள் என்றே இருக்கிறது.