விராலிமலையில ஒரு மயில் டூட்டி!

செல்போன்ல ஆறு மணிக்கு அலாரம் வெச்சிருந்தேன். தேவையே படலை. அஞ்சே காலுக்கே ஜன்னல் பக்கத்துல ஒரு அலறல்! பதறி எழுந்தா, நண்பன் போர்வைக்குள்ளேர்ந்தே சொன்னான்... "மயிலுடா, படு!"

மயில் 'அகவும்'னு தமிழ்ப் பாடத்துல படிச்சோமே? நேர்ல கேட்டா அது சுத்தமான கத்தல் பாஸ்!

திருச்சியிலிருந்து மதுரை போற வழியில சுமார் 30 கிலோமீட்டர்ல இருக்கு விராலிமலை. புதுக்கோட்டை மாவட்டம். என் கிளாஸ்மேட்டுக்கு சொந்த ஊர் அதுதான். மலை மேல முருகன் கோயில், அருணகிரிநாதர் திருப்புகழ் பாடின தலம். இங்கே சாமிக்கு சுருட்டு படைக்கிற வழக்கம் உண்டுன்னா ஹாஸ்டல்ல ஒருத்தனும் நம்பலை. நிஜம்தாங்க! படி ஏறும்போது கையில தேங்காய்ப் பை இருந்தா மட்டும் குரங்குகள்கிட்ட உஷார்.

பாறை இடுக்குல, புதர் ஓரத்துல, வீட்டு மாடிச் சுவர்லன்னு எங்கே திரும்பினாலும் மயில். ஆண் மயில் விரிக்கிற தோகை அதோட வால் இல்லையாம். வாலுக்கு மேல இருக்கிற இறகுகள்தான் அப்படி நீளமா வளருது. நிஜ வால் பின்னாடி குட்டையா, பழுப்பா நின்னு தோகையைத் தாங்கிப் பிடிக்குது. பின்பக்கமா நின்னு பார்த்தா செம காமெடி! அந்த நீலமும் பச்சையும்கூட சாயம் இல்லை. இறகோட நுண்ணிய அமைப்புல வெளிச்சம் பட்டுத் திரும்புற ஜாலம்.

கேமராவோட நண்பனின் வயலுக்குப் போனேன். அங்கேதான் சுருதி இறங்கிச்சு.

அப்போதான் கடலை விதைச்சிருந்தாங்க. "நீ போட்டோ எடுக்க வந்திருக்கே தம்பி. அது என் விதைக்கடலையைத் திங்க வந்திருக்கு" என்றார் நண்பனின் அப்பா. காலால கிளறி, வரிசையா பொறுக்கிடுமாம். சுத்தி பழைய சேலையை வேலியா கட்டியிருக்கார். கேசட் நாடாவை இழுத்துக் கட்டினா காத்துல 'விர்ர்'னு சத்தம் வரும். "ரெண்டு நாள் பயப்படும். மூணாம் நாள் அதுக்குக் கீழேயே நின்னு திங்கும்!"

மயில் 1963-ல தேசியப் பறவை ஆச்சு. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி அதைக் கொன்னா 3 வருஷத்துக்குக் குறையாம ஜெயில். 2023-ல வந்த இந்தியப் பறவைகள் நிலை அறிக்கையும் மயில்கள் நல்லா பெருகியிருக்குன்னுதான் சொல்லுது. சந்தோஷமான சேதிதான். ஆனா, அந்தச் சந்தோஷத்துக்கு சாப்பாடு போடுறது யாரு? தமிழ்நாட்டுல சில இடங்கள்ல விஷம் கலந்த தானியம் தின்னு மயில்கள் கூட்டமா செத்திருக்கு.

"நீங்க அப்படி..." என்று இழுத்தேன்.

"முருகன் வாகனம்பா அது. மனசு வருமா? ஆனா, இந்தக் கடலையிலதான் இவன் செமஸ்டர் ஃபீஸ் இருக்கு."

நண்பன் தலையைக் குனிஞ்சுக்கிட்டான். காலேஜ்ல எங்க கேங்குக்கே டீ வாங்கித் தர்றவன்!

சாயங்காலம் ஆளுக்கொரு தகர டப்பாவும் குச்சியும் குடுத்து எங்களைக் காவலுக்கு விட்டார். தட்டிக்கிட்டே வரப்புல ஓடினோம். தூரத்துல மேகம் கறுத்துச்சு. எதிர் வரப்புல ஒரு ஆண் மயில் நின்னு, மெதுவா தோகையை விரிச்சு, உடம்பைச் சிலிர்த்துச்சு பாருங்க... என் கை தானா நின்னுடுச்சு.

பின்னாலேர்ந்து அப்பாவோட குரல்: "ஏலேய், என்ன வேடிக்கை? தட்டுங்கடா!"

நண்பன் தட்டினான்.